திருச்சியிலிருந்து பாளையங்கோட்டைக்கு ஒரு வழக்குக் கட்டு: ரெண்டு வக்கீல், ஒரு ரிவ்யூ

திருச்சி குடும்ப நீதிமன்றத்தில் என் வீட்டுக்காரர் போட்ட விவாகரத்து வழக்கைத் திருநெல்வேலிக்கு மாற்ற நான் ரெண்டு தடவை வக்கீல் வைத்தேன். முதல் தடவை 15,000 ரூபாய் போச்சு, வழக்கு இருந்த இடத்திலேயே இருந்தது. ரெண்டாம் தடவை வக்கீல் ஃபீஸ் ஒரு பைசா கிடையாது, வழக்கு ஊர் வந்து சேர்ந்தது. இதை எழுது எழுது என்று தங்கச்சி ஒரு வருஷமாக நச்சரிக்கிறாள். மிக்ஸிக்கும் பரோட்டாக் கடைக்கும் நட்சத்திரம் போடுகிற சனம் வக்கீலுக்கு மட்டும் போடாது, பயம். நானும் பேர் போடவில்லை. பயம்தான்.

பாளையங்கோட்டையில் அம்மா வீட்டில் இருக்கிறேன், பிளவுஸ் தைக்கிறேன். லைனிங் வைத்தால் 300 ரூபாய். நாள் முழுக்க உட்கார்ந்தால் மூணு முடியும். இதற்குக் கீழே வருகிற கணக்கையெல்லாம் பிளவுஸிலேயே போட்டுக்கொள்ளுங்கள், நான் அப்படித்தான் போட்டேன்.

2023 பிப்ரவரியில் சம்மன் வந்தது. இந்து திருமணச் சட்டம் 13(1)(ia), அதாவது கொடுமை. கொடுமைக்காரி நான். பாப்பாவுக்கு அப்போது ரெண்டரை வயசு. கடைசியாகச் சேர்ந்து குடியிருந்தது திருச்சி என்பதால் அவர் அங்கே போட்டது சட்டப்படி சரிதான், அதில் குற்றம் சொல்ல ஒன்றும் இல்லை. கஷ்டமெல்லாம் தூரத்தில். திருநெல்வேலியிலிருந்து திருச்சி சுமார் 300 கிலோமீட்டர். ராத்திரி புது பஸ் ஸ்டாண்டில் ஏறினால் விடியக்காலம் அஞ்சு மணிக்குத் திருச்சி. கோர்ட் பத்தரைக்குத்தான். அதுவரைக்கும் பஸ் ஸ்டாண்டு பெஞ்சில் பாப்பாவை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். டவாலி பேரைக் கூப்பிடுவார், உள்ளே போவேன், வாய்தா தேதி சொல்வார்கள், வெளியே வருவேன். கவுன்சலிங் இருந்தால் அரைமணி கூட ஆகும். திரும்பி வீடு வர ராத்திரி ஒன்பது. ஒரு வாய்தாவுக்கு ரெண்டு நாள், ஆறு பிளவுஸ், பஸ் காசு தனி. மே மாசத்துக்குள் நாலு வாய்தா ஆச்சு. மூணாவது வாய்தாவில் பாப்பாவுக்குக் காய்ச்சல், மதுரை தாண்டி ஓடுகிற பஸ்ஸில் என் புடவை பூராவும் வாந்தி. அந்தப் புடவையோடுதான் கோர்ட்டில் நின்றேன்.

அப்பாதான் முதல் வக்கீலைப் பிடித்தது. தெரிந்தவருக்குத் தெரிந்தவர். கண்ணாடிக் கதவு, ஏசி, சுவர் நிறையச் சிவப்பு அட்டைப் புத்தகம். அஞ்சு நிமிஷம் கேட்டார்.

"ஏம்மா, இது சின்ன விஷயம். ஹைகோர்ட்ல டிரான்ஸ்ஃபர் சி.எம்.பி.ன்னு வழக்க மாத்தச் சொல்லி ஒரு மனு போட்டுருவோம். பொம்பளப்பிள்ள கேட்டா மாட்டேன்னே சொல்ல மாட்டாங்க. இனிமே நீ திருச்சிக்கே போகண்டாம்."

25,000 பேசி 15,000 அட்வான்ஸ் வாங்கினார். ஐம்பது பிளவுஸ்.

அவர் சொன்னதில் மனு போடலாம் என்பது மட்டும்தான் உண்மை என்று தெரிந்துகொள்ள எனக்கு ஆறு மாசம் ஆச்சு. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 24-வது பிரிவில் உயர் நீதிமன்றத்துக்கு அந்த அதிகாரம் இருக்கிறது, தனக்குக் கீழே உள்ள ஒரு கோர்ட்டிலிருந்து வழக்கை எடுத்து இன்னொன்றுக்கு அனுப்பலாம். திருச்சியும் நெல்லையும் ரெண்டுமே மதுரைக் கிளையின் எல்லைக்குள் வருகிற மாவட்டம், அதனால் எனக்கு மதுரையோடு முடிந்தது. பெங்களூரில் வாக்கப்பட்ட என் சிநேகிதிக்கு அந்த வசதி இல்லை. மாநிலம் விட்டு மாநிலம் மாற்ற 25-வது பிரிவு, அதற்கு உச்ச நீதிமன்றம், டெல்லி.

வாராவாரம் போன் போடுவேன். குமாஸ்தா அண்ணாச்சிதான் எடுப்பார். "ஃபைல் பண்ணியாச்சு தங்கச்சி, எஸ்.ஆர். நம்பர் விழுந்துட்டு." அந்த நம்பரைத் தையல் மிஷினுக்குப் பின்னால் தொங்குகிற காலண்டரில் எழுதி வைத்தேன். கோர்ட்டில் ஒரு நம்பர் வந்துவிட்டால் வழக்கு நடக்கிறது என்றுதானே நினைப்போம்? எஸ்.ஆர். என்பது காகிதம் கவுண்டருக்குள் போனதற்கு அடையாளம், அவ்வளவுதான். அதற்குப்பிறகு ஆபீஸில் மனுவைச் சரிபார்ப்பார்கள், குறை இருந்தால் ரிட்டர்ன் போடுவார்கள், சரிசெய்து திரும்பப் போட்டால்தான் மெயின் நம்பர் விழும். மெயின் நம்பர் விழாத மனு ஜட்ஜ் முன்னாடியே போகாது. என் மனு, நகல் தெளிவில்லை, தமிழ்க் காகிதத்துக்கு இங்கிலீஷ் மொழிபெயர்ப்பு இல்லை என்று ரிட்டர்ன் ஆகி, ஏசி ரூம் பீரோவில் படுத்திருந்தது.

திருச்சிக்கே போகண்டாம் என்றாரே, நான் போகவில்லை. மூணு வாய்தா போகவில்லை.

அக்டோபரில் ஒரு சாயங்காலம் தங்கச்சி, வழக்கு நிலவரம் காட்டும் ஈகோர்ட்ஸ் ஆப்பைப் போனில் இறக்கி, சம்மனோடு வந்த காகிதத்தில் இருந்த, வழக்குக்கு அடையாளமான 16 எழுத்து சி.என்.ஆர். நம்பரைத் தட்டிப் பார்த்தாள். பார்த்தவள் ஒன்றும் பேசவில்லை, போனை என்னிடம் நீட்டினாள். எதிர்மனுதாரரை அழைத்தும் ஆஜராகவில்லை, எக்ஸ்பார்ட்டி, மனுதாரர் தரப்பு சாட்சியத்துக்கு இன்ன தேதி என்று இருந்தது. அதாவது நான் இல்லாமலே அவர் கூண்டேறிச் சொல்லிவிட்டு இறங்கினால் தீர்ப்பு வந்துவிடும். மிஷினில் ஒரு பிளவுஸ் கை மாட்டியிருந்தேன், தைத்துக்கொண்டே இருந்தேன். மறுநாள் பார்த்தால் வலக்கையை இடப்பக்கம் வைத்துத் தைத்திருக்கிறேன்.

டிரான்ஸ்ஃபர் மனு போட்டால் கீழ்க்கோர்ட் வழக்கு தானாக நிற்காது. நம்பர் விழுந்து, அட்மிஷனுக்கு, அதாவது ஜட்ஜ் முன்னாடி முதல் தடவை, வந்து, ஹைகோர்ட் ஸ்டே கொடுத்தால்தான் நிற்கும். அதுவரை ஒவ்வொரு வாய்தாவுக்கும் நாம் போகவேண்டும், இல்லை நமக்காக ஒரு ஆள் போய் நின்று தேதி வாங்கவேண்டும். பத்தே வினாடியில் சொல்லியிருக்கக்கூடிய விஷயம் இது. வக்கீல் சாரிடம் போய்க் கேட்டபோது, "அதெல்லாம் செட் அசைட் பண்ணி ரத்தாக்கிக்கலாம்மா, அதுக்குத் தனி ஃபீஸ்" என்றார். அண்ணாச்சி மட்டும் படியிறங்கும்போது பின்னாலேயே வந்து, "தங்கச்சி, நான் சொன்னேன்னு வேண்டாம், வேற பாரு" என்றார்.

வேற பார்க்க வழி காட்டியது ஒரு பெண் போலீஸ். பிளவுஸ் வாங்க வந்தவள். "அக்கா, 15100-க்கு ஒரு போன் போடுங்க. இலவச சட்ட உதவி." இலவசம் என்றதும் ரேஷன் வேட்டி ஞாபகம் வந்தது, ஒரு நாள் பூராவும் போடவில்லை. அந்த ஒரு நாளுக்கு இப்போதும் வெட்கப்படுகிறேன். போட்டபோது, மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகச் சொன்னார்கள். ஒரு விண்ணப்பம், ஆதார் நகல், சம்மன் நகல். வருமானச் சான்று கொண்டு வரலையே என்று நான் திணற, "பொம்பளையாளுக்கு அது வேண்டாம்மா" என்றார் அங்கிருந்த அம்மா. 1987-ஆம் வருஷத்துச் சட்டப்பணி ஆணைக்குழுச் சட்டத்தின் 12-வது பிரிவு அப்படி. பெண் என்றாலே தகுதி உண்டு, வருமான உச்சவரம்பு கிடையாது. வக்கீலை ஒதுக்குவது மட்டும் இல்லை, கோர்ட் ஃபீஸும் நகல் செலவும்கூட அதில் அடங்கும். விண்ணப்பம் மதுரைக் கிளையில் இருக்கிற சட்டப்பணிக் குழுவுக்குப் போய், மூணு வாரத்தில் ஒரு வக்கீல் மேடத்தின் நம்பர் வந்தது.

மேடம் ஆபீஸில் ஏசி இல்லை. மூணு பேர் உட்காரும் பெஞ்சில் ஆறு பேர். நான் போய் உட்கார்ந்ததும் என் கதையைக் கேட்கவில்லை. "திருச்சி அடுத்த வாய்தா என்னைக்கு?" என்பதுதான் முதல் கேள்வி. சொன்னேன். "முதல்ல அங்க போங்க. தீர்ப்பு வரல, அதனால எக்ஸ்பார்ட்டிய நீக்கச் சொல்லி ஆர்டர் 9 ரூல் 7 மனு. வந்த பிறகுன்னா ரூல் 13, அது இன்னும் இழுவை. எக்ஸ்பார்ட்டிய எடுத்துட்டு வாங்க, அப்புறம் இங்க பாப்போம்." மனுவை அவரே டைப் அடித்துக் கொடுத்தார். திருச்சியில் 500 ரூபாய் அந்தப் பக்கத்துக்குக் கட்டச் சொல்லி எக்ஸ்பார்ட்டியை நீக்கினார்கள். ரெண்டு பிளவுஸ்கூட இல்லை. இதற்குத்தான் ஏசி ரூமில் தனி ஃபீஸ் கேட்டது.

பழைய ஆபீஸிலிருந்து காகிதக் கட்டை வாங்குவது பெரும்பாடு. மீதி 10,000 வைத்தால்தான் தருவேன் என்றார். மேடம் போனைப் போட்டு ரொம்ப மரியாதையாகப் பேசினார். ஃபீஸ் பாக்கிக்காகக் கட்சிக்காரர் காகிதத்தை வக்கீல் பிடித்துவைக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2000-லேயே சொல்லியிருக்கிறதாம், அதை "சாருக்குத் தெரியாததா" என்று சேர்த்துச் சொன்னார். மூணாம் நாள் அண்ணாச்சி ஒரு மஞ்சப்பையில் கொண்டுவந்து கொடுத்தார். பையையும் என்னிடமே விட்டுவிட்டார், இப்போதும் நூல்கண்டு அதில்தான் கிடக்கிறது.

மேடம் கேட்ட காகிதங்கள்: பாப்பாவின் பிறப்புச் சான்று, அப்பாவின் ஆஸ்பத்திரிச் சீட்டு, திருச்சி வழக்கு மனுவின் நகல், நான் ஜீவனாம்சத்துக்கு நெல்லையில் போட்டிருந்த வழக்கின் நம்பர், பிறகு பஸ் டிக்கெட். டிக்கெட்டை நான் ஒன்றுவிடாமல் சேர்த்து வைத்திருந்தேன், அந்த விஷயத்தில் எனக்குக் கர்வம் உண்டு. பிளாஸ்டிக் கவரைப் பிரித்து மேசையில் அடுக்கினால் எட்டும் வெள்ளை. கண்டக்டர் மிஷினில் அடிக்கிற அந்தக் காகிதம் சில மாசத்தில் வெளுத்துப்போகும் என்று யாருக்குத் தெரியும்? ஒன்றில் மட்டும் ஓரத்தில் "மதுரை" என்பதில் பாதி தெரிந்தது. மேடம் அதை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துவிட்டுச் சிரித்தார். "வாய்தா தேதியெல்லாம் கோர்ட் ரெக்கார்டுலயே இருக்கும்மா, விடுங்க." வழக்குக்காகப் பஸ் ஏறுகிறவர்கள் வாங்கிய அன்றைக்கே டிக்கெட்டை ஜெராக்ஸ் எடுத்துவிடுங்கள்.

பொம்பளை கேட்டால் மாட்டேன் என்று சொல்லவே மாட்டார்கள் என்ற பேச்சை மேடம் ஒரேயடியாக மறுத்தார். மனைவியின் வசதியைத்தான் பொதுவாகப் பார்க்கவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2022-ல் வேலூர் வழக்கு ஒன்றைச் சென்னைக்கு மாற்றும்போது சொல்லியிருக்கிறது. ஆனால் பெண்களுக்குக் காட்டும் சலுகையைத் தப்பாகப் பயன்படுத்துகிறார்கள் என்று அதே கோர்ட் இன்னொரு மனுவைத் தள்ளியதும் உண்டு. வழிச்செலவைப் புருஷன் கொடுக்கட்டும், நீ போய் வா என்று முடித்துவிடலாம். "அதனால 'கஷ்டமா இருக்கு'ன்னு எழுதினா போதாது. என்ன கஷ்டம், எத்தன கிலோமீட்டர், பிள்ளைய யார் பாக்கா, அதைச் சொல்லணும்." எங்கள் மனுவில் கனமான காரணம் எதுவென்றால், பாப்பாவோ தூரமோ இல்லையாம், அந்த ஜீவனாம்ச வழக்குதான். அதற்காக அவர் எப்படியும் நெல்லைக்கு வந்தாகவேண்டும். வருகிறவர் ரெண்டையும் ஒரே ஊரில் பார்த்துக்கொண்டு போகலாமே. ஏசி ரூம் மனுவில் அந்த வழக்கைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. தேடித் தேடிப் பார்த்தேன்.

ஒரு விஷயத்துக்கு மட்டும் மேடம் என்னைத் திட்டினார். வீட்டைவிட்டு வந்த உடனேயே நானாகப் பாளையங்கோட்டையில் வழக்குப் போட்டிருக்கலாமாம். 2003-ல் சட்டத்தைத் திருத்தி, மனைவி தான் குடியிருக்கும் ஊரிலேயே போடலாம் என்று ஆக்கிவிட்டார்கள். ரெண்டு பேரும் விவாகரத்துக்குத் தனித்தனியாகப் போட்டால் பின்னால் போட்டது முன்னால் போட்ட கோர்ட்டுக்குப் போகும். முந்திக்கொண்டவர் ஊர். நான் அப்போது சேர்ந்து வாழலாம் என்று காத்திருந்தேன் மேடம் என்றேன். அதற்கு அவர் ஒன்றும் சொல்லவில்லை.

2024 ஜனவரியில் மெயின் நம்பர் விழுந்தது. அட்மிஷன் அன்றைக்கே இடைக்கால ஸ்டே, எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ். அன்றைக்குச் சாயங்காலம் ஆப்பில் நானே பார்த்துவிட்டு அம்மாவிடம் சொன்னேன், இனி திருச்சி இல்லை என்று. அம்மா பாலைக் காய்ச்சிப் பாயசம் வைத்துவிட்டாள். மாற்றல் உத்தரவு இன்னும் வரவில்லை என்று விளக்கியும் கேட்கவில்லை.

என் வீட்டுக்காரர் பக்கம் கவுண்டர், அதாவது பதில் மனு, போட்டார்கள். நெல்லைக்கு வந்தால் என் சொந்தக்காரர்கள் அடிப்பார்களாம். எனக்கு இருப்பது சர்க்கரை வியாதிக்கார அப்பாவும் ஒரு தாய்மாமாவும்தான், மாமாவுக்கு எழுபது வயசு. வழிச்செலவு தருகிறேன் என்றார். அதுவும் வேண்டாம் என்றால் வீடியோவில் ஆஜராகட்டும் என்றார். இந்த வீடியோ விஷயம் சுவாரசியமானது. 2017 மார்ச்சில் உச்ச நீதிமன்றத்தில் ரெண்டு நீதிபதிகள், வழக்கை மாற்றுவதற்குப் பதில் வீடியோவில் நடத்தலாம் என்றார்கள். அதே வருஷம் அக்டோபரில் மூணு நீதிபதிகள் உட்கார்ந்து, ரெண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் அதை மாற்றிவிட்டார்கள். சமரச முயற்சி தோற்ற பிறகு, ரெண்டு பேரும் சேர்ந்து கேட்டால் பார்க்கலாம் என்று. எங்களுக்குக் கவுன்சலிங்கே முடியவில்லை, அதனால் மேடம் அதை லேசாகத் தட்டிவிட்டார்.

ஏப்ரலில், மே மாச லீவுக்கு முன்னால், கடைசி விசாரணை. நான் வரவேண்டியதில்லை என்றார் மேடம். ஆனாலும் போனேன். மாட்டுத்தாவணியில் இறங்கி மேலூர் ரோட்டில் போனால் யானைமலை படுத்துக்கிடக்கும், அது தெரிந்துவிட்டால் ஹைகோர்ட் வந்தாச்சு. எங்களுடையது பட்டியலில் 47-வது. காலையிலிருந்து உட்கார்ந்து சாயங்காலம் மூணே முக்காலுக்குக் கூப்பிட்டார்கள். நாலு நிமிஷம் இருக்கும். மேடம் ஜீவனாம்ச வழக்கு நம்பரைச் சொன்னார், பிள்ளை வயசைச் சொன்னார், உட்கார்ந்துவிட்டார். அந்தப் பக்கத்து வக்கீல் நிறையப் பேசினார். முடிந்ததும் எனக்கு ஒன்றும் புரியவில்லை. மேடம் கட்டைக் கட்டிக்கொண்டே, "மாத்தியாச்சும்மா, போய் ஏதாவது சாப்பிடுங்க" என்றார்.

உத்தரவு வந்ததும் கட்டு தானாக நடந்து வரும் என்று நினைக்காதீர்கள். சான்றிட்ட நகல் வாங்கி, அதைத் திருச்சிக் கோர்ட்டிலும் சேர்ப்பித்து, கட்டு இங்கே வந்து, புது நம்பரும் புது சி.என்.ஆரும் விழவேண்டும். பழைய சி.என்.ஆரைத் தட்டிக்கொண்டே இருந்தால் "மாற்றப்பட்டது" என்று மட்டும் காட்டும். ஜூலை ஆகிவிட்டது. வழக்கு முதலிலிருந்து தொடங்குமா என்று ஒரு பயம் இருந்தது. 24-வது பிரிவிலேயே அதற்கும் வழி இருக்கிறது, விட்ட இடத்திலிருந்தும் தொடரலாம், புதிதாகவும் நடத்தலாம், அது இந்தக் கோர்ட் விருப்பம். எனக்கு விட்ட இடம்தான் கிடைத்தது, கவுன்சலிங்.

நட்சத்திரம் கேட்டால், முதல் ஆபீஸுக்கு ஒன்று. அதுவும் அண்ணாச்சிக்கு. மேடத்துக்கு நாலரை. அரையைக் குறைத்தது ஏனென்றால் சாயங்காலம் ஆறு மணிக்குமேல் போனை எடுக்கவே மாட்டார், எடுக்காததற்கு மறுநாள் விளக்கமும் சொல்ல மாட்டார். இலவச வக்கீல் அக்கறையாகப் பார்க்கமாட்டார் என்று ஊரில் ஒரு பேச்சு இருக்கிறது. எல்லாருக்கும் என் மேடம் வாய்ப்பார் என்று நான் சத்தியம் பண்ண மாட்டேன், அவர்களாக ஒதுக்கியதுதான், எனக்கு வாய்த்தது. யாரிடம் போனாலும் ரெண்டே கேள்வி கேளுங்கள். மெயின் நம்பர் என்ன? ஸ்டே வரும்வரை அந்த ஊர் வாய்தாவுக்கு யார் போவது? ரெண்டாவதுக்குப் பதில் இழுத்தால் பையை எடுத்துக்கொண்டு எழுந்துவிடுங்கள்.

ஆகஸ்டில் பாளையங்கோட்டையில் முதல் வாய்தா. பாப்பாவை எல்.கே.ஜி.யில் விட்டுவிட்டு, ஒரு பிளவுஸுக்குக் கொக்கி வைத்துவிட்டு, ஷேர் ஆட்டோவில் போய் இறங்கினேன். அவர் எனக்கு முன்பே வந்திருந்தார். வராந்தா பெஞ்சில், மடியில் பிரவுன் கலர் டிராவல் பேக், கசங்கின சட்டை. ராத்திரி பஸ்ஸில் வந்த கண்ணு எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். நான் எதிர்ப்பக்கம் நின்றுகொண்டேன். பதினொன்றரைக்கு டவாலி எங்கள் பேரைக் கூப்பிட்டார். அவர் பேக்கின் மேல் தலையைச் சாய்த்துத் தூங்கிக்கொண்டிருந்தார். ரெண்டாவது தடவையும் கூப்பிட்டார்கள்.

கிட்டே போய், "ஏங்க, கூப்பிடுதாங்க" என்றேன்.